துரைசாணியின் படத்தில் ஒரு தாயும் பிள்ளையும்

போன மாதம் கவிதா போன் செய்தாள். அலோர் ஸ்டாரில் நான் வேலை பார்த்து ஓய்வு பெற்ற படக் காப்பகத்துக்கு இப்போது அவள்தான் பொறுப்பு.

“அங்கிள், புதுசா ஒரு சாப்ட்வேர் வந்திருக்கு லா. பழைய படத்த உள்ள விட்டாப் போதும். இது ஆம்பள, இது பொம்பள, இது பையன், இது பொண்ணுன்னு அதுவே பிரிச்சு எழுதிருது. நீங்கல்லாம் அந்தக் காலத்துல எப்படிச் செஞ்சீங்கன்னு புதுப் பிள்ளைங்க கேக்குதுங்க. கொஞ்சம் எழுதிக் குடுங்களேன்.”

ஓய்வு பெற்றவனிடம் ‘அந்தக் காலத்தில்’ என்று ஆரம்பித்தால், பிறகு அவனை நிறுத்துவது கேட்டவர் பாடு. சரி, எழுதித் தருகிறேன் என்றேன். ஆனால் அவள் சொன்னதில் ஒரு வார்த்தை மட்டும் எனக்குச் சிரிப்பை வரவழைத்தது. பையன், பெண் என்று அதுவே எழுதிவிடுமாம். எங்களிடம் ஒரு சுருள் இருந்தது. அதில் வரும் ஒரு குழந்தையைப் பார்த்துவிட்டு மனிதர்களாலேயே அதைச் சரியாகச் சொல்ல முடியவில்லை.

எங்கள் வேலை என்னவென்று முதலில் சொல்லிவிடுகிறேன். கெடா மாநிலத்தில் பழைய காலத்தில் எடுத்த படச் சுருள்களைச் சேர்த்துப் பாதுகாப்போம். தொலைக்காட்சிக்காரர்கள், ஆவணப்படம் எடுப்பவர்கள், பள்ளிக்கூடத்துக்காரர்கள் எல்லாரும் வருவார்கள். “அந்தக் காலத்து ரயில் வேணும்”, “வெள்ளம் வந்தது வேணும்”, “ரப்பர் தோட்டம் வேணும்” என்பார்கள். தேடி எடுத்து, துடைத்து, கிழிசலை ஒட்டி, ஓட்டிப் பார்த்துக் கொடுப்போம். கேட்பதற்குச் சுலபமாகத்தான் இருக்கும்.

என் அத்தா பஸ் நிலையத்துக்கு எதிரே சாப்பாட்டுக் கடை வைத்திருந்தார். கல்லாவில் உட்கார வேண்டிய மகன் பழைய படத்தைத் துடைக்கப் போகிறேன் என்றதும் அவருக்கு அது வேலையாகவே படவில்லை. “பள்ளிவாசல்ல வந்து என்ன சொல்லட்டும், எம்மவன் டப்பா கழுவுறான்னா?” என்று கேட்டார். முதல் சில வருடங்கள் தோட்டம் தோட்டமாக வேனில் போய்த் திரை கட்டிப் படம் காட்டினேன். பிறகு காப்பகத்துக்கு மாற்றினார்கள். அங்கேதான் என்சிக் ஹாஷிமிடம் மாட்டிக்கொண்டேன்.

என்சிக் ஹாஷிம் எங்கள் மேலதிகாரி; ‘என்சிக்’ என்றால் மலாயில் ‘திரு’. புக்கிட் செலம்பாவ் பக்கத்தில், தோட்டத்தை ஒட்டிய மலாய்க் கம்பத்தில், அதாவது சிற்றூரில், பிறந்து வளர்ந்தவர். மலாய்க்காரர் என்றாலும் அவர் தமிழ் பேசினால் பின்னால் திரும்பி நின்று கேட்பவனுக்கு வித்தியாசம் தெரியாது. கோபம் வந்தால் மட்டும் மலாய்க்கு மாறிவிடுவார். எப்போதும் வெள்ளைப் பருத்திக் கையுறை போட்டிருப்பார். டப்பாவைத் திறந்ததும் முதலில் மோந்து பார்ப்பார். பழைய சுருள் கெட ஆரம்பித்தால் ஊறுகாய்க் காடி மாதிரி ஒரு புளிப்பு வாடை வரும். வாடையை வைத்தே எது எத்தனை நாள் தாங்கும் என்று சொல்லிவிடுவார். மனிதர்களோடு பேசும்போதும் அதே மாதிரி மூக்கை லேசாக உறிஞ்சுவார். எனக்கு ஆரம்பத்தில் அது எரிச்சலாக இருந்தது.

அவர் எனக்குத் திரும்பத் திரும்பச் சொன்னது ஒன்றுதான். “தம்பி, கண்ணு பாத்தத எழுது. மனசு நெனச்சத எழுதாத.” குடை பிடித்துக்கொண்டு ஒருவர் நின்றால் ‘குடை பிடித்தவர்’ என்று எழுத வேண்டும். ‘கங்காணி’ என்று எழுதக் கூடாது. கங்காணி என்று யாராவது வந்து சொன்னால், சொன்னவர் பெயரோடு பிறகு சேர்த்துக்கொள்ளலாம். இந்த மனிதரோடு எப்படிக் காலம் தள்ளுவது என்று நான் பல நாள் நொந்துகொண்டது உண்டு.

அவர் பிடிவாதத்தின் அருமை எனக்குப் புரிந்தது ஒரு தொலைக்காட்சிக்காரரால். சுதந்திர தின நிகழ்ச்சிக்கு ரப்பர் தோட்டக் காட்சி வேண்டும் என்று அவர் தலைநகரிலிருந்து வந்தார். அந்தக் காலத்து ஊமைப் படச் சுருளில் இரண்டு ஓரத்திலும் பல் துளை இருக்கும். புரட்டி மாட்டினாலும் ஒழுங்காக ஓடும். மங்கலான பக்கம் எது, பளபளப்பான பக்கம் எது என்று பார்த்துத்தான் மாட்ட வேண்டும். என்சிக் ஹாஷிம் அவரிடம் படித்துப் படித்துச் சொன்னார். அவர் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டு தலையாட்டினார்.

நிகழ்ச்சி ஒளிபரப்பான மறுநாள் அத்தா கடையில் தோட்டத்து ஆட்கள் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். என்னைக் கண்டதும் ஒருவர் ஆரம்பித்தார்.

“என்னா பாய், ஒங்க டிவில எல்லாரும் பீச்சாங்கையிலயே பால் வெட்டுறாங்க? அப்படியா ஒரு தோட்டம் இருக்கு?”

“அது கூடப் பரவால்ல லா,” என்றார் இன்னொருவர். “வெட்டு வலப்பக்கத்துலேந்து எறங்குது. அந்த மரத்துல பால் வந்தா நான் மீசய எடுத்துர்றேன்.”

ரப்பர் மரத்தில் வெட்டு எப்போதும் இடப்பக்கம் மேலே தொடங்கி வலப்பக்கம் கீழே சரியும். அப்போதுதான் பால் நன்றாக இறங்கும். படத்தைப் புரட்டிப் போட்டுவிட்டதால் எல்லாம் கண்ணாடியில் பார்ப்பது மாதிரி மாறிவிட்டது. கடையே சிரித்தது, நானும் சிரித்தேன். என்சிக் ஹாஷிம் மட்டும் சிரிக்கவில்லை. “பால் வெட்டுனவங்க உயிரோட இருக்கும்போதே இப்படிக் காட்டுறாங்க. அவங்க போனப்புறம் இதத்தான் நம்புவாங்க,” என்றார். அன்றுமுதல் தோட்டத்துச் சுருள் எது வந்தாலும் முதலில் மரத்து வெட்டைப் பார்த்துப் பக்கம் சரியா என்று உறுதி செய்துகொள்வது எங்கள் வழக்கமானது.

இனி அந்தக் குழந்தை இருந்த சுருளுக்கு வருகிறேன்.

பாடாங் மேஹா பக்கம் ஒரு தோட்டத்தில் ஜப்பான்காரன் வருவதற்கு முன்னால் துரையாக இருந்தவரின் மனைவி, கையில் ஒரு சினிமாக் கேமரா வைத்திருந்தாராம். அவர் எடுத்த சுருளை, அவர் இறந்த பிறகு, மகள் இங்கிலாந்திலிருந்து அனுப்பி வைத்திருந்தார். டப்பாவின் மேல் துரைசாணியின் கையெழுத்தில் ‘தோட்டம், கூலிகள், டஃபி’ என்று இருந்தது. டஃபி அவர்களுடைய நாய். நாய்க்குப் பெயர் இருந்தது. மனிதர்கள் அத்தனை பேரும் ஒரே சொல்லுக்குள் அடங்கிவிட்டார்கள். படத்திலும் டஃபி ஓடுவதும் உருளுவதும் பந்து கவ்வுவதுமாக நிறைய வந்தது. பொறுமையாக அதைக் கடந்தால்தான் மற்றவர்கள் வருவார்கள்.

ஆனால் வந்தவர்கள் எப்படி வந்தார்கள் தெரியுமா? இன்னும் விடியாத மங்கலில் பெரட்டு என்னும் காலை ஆளெடுப்பில் பெயர் கொடுக்க வரிசையாக நிற்கும் ஆட்கள். சேலைக்கு மேல் சாக்குத்துணியைச் சுற்றிக்கொண்டு, கூந்தலை முக்காட்டால் இறுக்கிக் கட்டிய பெண்கள். தோளில் காண்டாக் கம்பு, இரண்டு பக்கமும் பால் வாளி, சிந்தாமல் நடக்கும் அந்த ஒரு மாதிரியான குலுங்கல் நடை. பால் நிறுக்கும் இடத்தில் ஒரு பெண் வாளியை இறக்கிவிட்டுக் கையை உதறுகிறாள். லயத்து வரிசை வீடுகளுக்கு முன்னால் ஒருவர் கோழியைத் துரத்துகிறார், கோழி ஜெயிக்கிறது. கடைசியில் பிள்ளைகளை விட்டுவிட்டு வேலைக்குப் போகும் ஆயாக்கொட்டகை. துணித்தூளிகள் வரிசையாக ஆடுகின்றன. வேலை முடிந்து வந்த தாய்மார் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கேமராவை நோக்கி நடந்து வருகிறார்கள்.

அந்தச் சுருளுக்கு வேறு பிரதி கிடையாது. புளிப்பு வாடை வேறு வர ஆரம்பித்திருந்தது. சுருங்கிப்போன படம் புரொஜெக்டர் பல்லில் சரியாக உட்காராது, துளைகள் கிழியும். அதனால் கையால் சுற்றிப் பார்க்கும் சிறிய பெட்டியில் மட்டுமே அதைப் பார்ப்போம். கோலாலம்பூருக்கு அனுப்பிப் பிரதி எடுக்க எழுதிப் போட்டுவிட்டு எங்கள் முறைக்காகக் காத்திருந்தோம். இதற்கிடையில் என்சிக் ஹாஷிம், அந்தத் தோட்டத்தில் இருந்தவர்கள் யாராவது படத்தைப் பார்த்து அடையாளம் சொல்ல முடியுமா என்று தமிழ்ப் பத்திரிகையில் ஒரு சிறு அறிவிப்புக் கொடுத்தார்.

அதைப் பார்த்துவிட்டு வந்தவர் குப்புசாமி. தலை நரைத்தவர், மெலிந்த உடம்பு. மாநிலத்தின் வேறொரு கோடியில் ஒரு செம்பனைத் தோட்டத்தில் காவல் வேலை. மோட்டார் சைக்கிள் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு கதவுக்கு வெளியிலேயே நின்றார். உள்ளே கூப்பிட்டதும் சட்டைப் பையிலிருந்து தன் அடையாள அட்டையை எடுத்து மேசைமேல் வைத்தார். அது சிவப்பு.

வெளியூர் வாசகர்களுக்காகச் சொல்கிறேன். இந்த நாட்டில் குடிமகனுக்கு நீல அட்டை. இங்கே வாழலாம், ஆனால் நீ இந்த நாட்டுக்காரன் இல்லை என்பவனுக்குச் சிவப்பு. பிறந்ததற்குச் சான்று இல்லாமல் இப்படிச் சிவப்போடு நின்றுவிட்ட தோட்டத்து ஆட்கள் நிறையப் பேர் இருந்தார்கள்.

“நான் பொறந்தது அந்தத் தோட்டத்துலதான் பாய்,” என்றார் குப்புசாமி. “அப்பா நான் பொறக்குறதுக்கு முன்னாடியே போயிட்டாரு. அம்மா நான் சின்னப் புள்ளயா இருக்கும்போது காச்சல்ல செத்துப்போச்சு. மாமா வந்து வேற தோட்டத்துக்குக் கூட்டிட்டுப் போயிட்டாரு. அவரும் இப்ப இல்ல. ஆபீசுல கேக்குறாங்க, ‘நீ இங்க பொறந்தத நேர்ல பாத்தவங்க யாராச்சும் உண்டா, வந்து சத்தியம் பண்ணுவாங்களா’ன்னு. நான் யாரப் போய்த் தேடுவேன்? அடுத்த மாசம் கடேசி விசாரணையாம்.”

“நீலம் கெடச்சா என்ன செய்யப் போறீங்க?” என்று கேட்டேன். ஏதாவது கேட்க வேண்டுமே என்று கேட்டதுதான்.

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். “செய்றதுக்கு என்னா இருக்கு? இந்த மண்ணுல பொறந்து இங்கயே மாடா ஒழச்சாச்சு. சாவும்போதாவது ஊர்க்காரனா சாவணும் லா.”

என்சிக் ஹாஷிம் மூக்கை உறிஞ்சினார். பிறகு மெதுவாகக் கேட்டார். “அம்மாவ எப்படி அடையாளம் தெரியும்? போட்டோ இருக்கா?”

“போட்டோ ஏது? மொகம் ஞாபகமில்ல. கை ஞாபகமிருக்கு, சோறு ஊட்டுன கை. மணிக்கட்டுக்கு மேல தேள் பச்ச குத்தியிருக்கும். கொடுக்கு மட்டும் வெரல் பக்கமா வளஞ்சு நிக்கும்.”

எனக்கு உடனே ஆயாக்கொட்டகைக் காட்சி நினைவுக்கு வந்தது. அதில் ஒரு பெண்ணின் கையில் பச்சை இருந்ததை நான் பார்த்திருந்தேன். வாயைத் திறக்கப் போனேன். என்சிக் ஹாஷிம் மேசைக்குக் கீழே என் காலை மிதித்தார். பிறகு என்னைத் தனியே கூப்பிட்டுத் திட்டித் தீர்த்தார், மலாயில். நான் காட்டிக் கொடுத்து அவர் ஆமாம் என்று சொன்னால் அதற்கு ஒரு மதிப்பும் இல்லை. அவராகப் பார்க்க வேண்டும், அவராகச் சொல்ல வேண்டும். அப்புறம் அவரைத் தெரியாத வேறொருவர் அதையே சொல்ல வேண்டும். அப்போதுதான் அது சாட்சி. “நல்லது செய்யுறேன்னு அவசரப்பட்டு அந்த மனுசனக் கெடுத்துராத,” என்று தமிழில் முடித்தார்.

பெட்டிக்கு முன்னால் குப்புசாமியை உட்கார வைத்து நான் சுற்ற ஆரம்பித்தேன். டஃபி ஓடியது, உருண்டது. பெரட்டு வந்தது, பால் நிறுக்கும் இடம் வந்தது. ஆயாக்கொட்டகை வந்தது. தாய்மார் நடந்து வந்தார்கள். ஒரு பெண் இடுப்பில் பிள்ளையோடு கேமராவுக்கு மிக அருகில் வந்து, வெட்கப்பட்டுச் சிரித்து, கையால் முகத்தை மறைத்தாள்.

“இது!” என்று கத்தினார் குப்புசாமி. “பாய், இது எங்கம்மா! அந்தக் கை!”

பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தோம். தேள் இருந்தது. கொடுக்கு விரல் பக்கமாக வளைந்திருந்தது. நான் சந்தோஷத்தில் எழுந்தே நின்றுவிட்டேன். ஆனால் குப்புசாமியின் முகம் கொஞ்சம் கொஞ்சமாக விழுந்துகொண்டிருந்தது.

“அந்தப் புள்ள யாரு?” என்றார்.

இடுப்பில் இருந்த குழந்தைக்குப் பூப்போட்ட பாவாடை. மூக்கின் வலப்பக்கத்தில் சின்ன வளையம் மின்னியது. நெற்றியில் பெரிய பொட்டு. வளையல் போட்ட கையால் தாயின் முக்காட்டைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தது.

“எனக்கு அக்கா தங்கச்சி யாரும் கெடயாது. எனக்கு முன்னாடி பொறந்தது எதுவும் தங்கலன்னு மாமா சொல்லுவாரு. பொட்டப்புள்ளயே எங்க வீட்ல இல்ல.” அவர் தொப்பியை எடுத்துக்கொண்டார். “இது வேற யாரோ. தேள் பச்ச எத்தனையோ பேரு குத்தியிருப்பாங்க. ஒங்களுக்குத்தான் வீண் தொந்தரவு.”

அந்த மனிதருக்கு அம்மா கிடைத்து, ஒரு நிமிடத்துக்குள் போயும் விட்டாள். எனக்கு அழுகையே வந்துவிட்டது. என்சிக் ஹாஷிம் வாசலில் போய் நின்று வழியை மறித்துக்கொண்டார். “சாபார் ஐயா, கொஞ்சம் பொறுங்க. நீங்க பாத்தத சொல்லிட்டீங்க. அது போதும். இனிமே மத்தவங்க பாக்கட்டும்.”

அந்தத் தோட்டம் துண்டு துண்டாக விற்கப்பட்டபோது அங்கிருந்த பழைய ஆட்களில் பலர் புக்கிட் செலம்பாவுக்குக் குடிவந்திருந்தார்கள். அவர்களை அலோர் ஸ்டாருக்குக் கூட்டி வருவது ஆகாத காரியம். எங்கள் பெட்டியின் தீப்பெட்டி அளவுத் திரை அவர்கள் கண்ணுக்கு எட்டாது. கோலாலம்பூர் பிரதி விசாரணைக்குள் வராது. மிச்சம் ஒரே வழிதான் இருந்தது. மூலச் சுருளையே கொண்டுபோய்ப் புரொஜெக்டரில் ஓட்டுவது. எங்கள் தொழிலில் அது செய்யவே கூடாத காரியம்.

என்சிக் ஹாஷிம் இரண்டு நாள் யாரோடும் பேசவில்லை. மூன்றாம் நாள், “ஒரே ஒரு தடவ. அதுக்கு மேல என்னக் கேக்காத,” என்றார். நான் எதுவும் கேட்டிருக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் தமிழ்ப்பள்ளி வகுப்பறை ஒன்றில் திரை கட்டினோம். ஜன்னல்களை மறைக்க ஆளுக்கொரு கைலி கொண்டுவந்து கொடுத்தார்கள். கட்டம் போட்டதும் பூப்போட்டதுமாகக் கைலிகள் தொங்க, உள்ளே வியர்வையும் விபூதி வாசமுமாகக் கூட்டம். குப்புசாமி கடைசி வரிசையில் உட்கார வேண்டும், வாயைத் திறக்கவே கூடாது என்று என்சிக் ஹாஷிம் சொல்லியிருந்தார். அவர் யார், எதற்காக இந்தப் படம் என்று ஒருவருக்கும் சொல்லவில்லை.

படம் ஓடியதும் வகுப்பறை சந்தை ஆகிவிட்டது. “அந்தா, தண்டல் ராமசாமி!”, “ஐயோ, எங்கப்பா லா அது, கோழி தொரத்துறாரு!”, “அந்த நாய் என் கால்ல கடிச்ச நாய்!” ஆளாளுக்கு எழுந்து நின்று திரையை மறைத்தார்கள். நான் ஒருபக்கம் எழுதிக்கொண்டிருந்தேன். என்சிக் ஹாஷிம் புரொஜெக்டரில் காதை வைத்து, படம் பல்லில் தடுமாறும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே நின்றார். வியர்த்துக் கொட்டியது அவருக்கு.

ஆயாக்கொட்டகை வந்தது. தேள் பச்சைக்காரி நடந்து வந்தாள்.

“இடுப்புல இருக்குற அந்தப் பொண்ணு எங்கக்கா ராசாத்தி,” என்றார் ஒரு பெண்.

“ராசாத்தி கருப்பு லா. இது செவப்பா இருக்கு.”

“கருப்பு வெள்ளப் படத்துல நீ செவப்பக் கண்டியோ?”

முன் வரிசையில் நாற்காலியில் இருந்த ஒரு வயதான அம்மா திடீரென்று கைத்தடியால் தரையில் தட்டினார். “நிறுத்து! நிறுத்து சொல்றேன்!”

நிறுத்த முடியாது. எங்கள் புரொஜெக்டரில் ஓட்டத்தை நிறுத்தினால் விளக்குச் சூட்டில் அந்த இடத்துப் படம் குமிழிவிட்டு உருகிப்போகும். அதைச் சொன்னோம். அதற்குள் காட்சி போய்விட்டது. சுருள் முடிந்து வெள்ளை வெளிச்சம் விழுந்தது.

“இன்னொரு தடவ போடுங்க,” என்றார் அந்த அம்மா. “எனக்கு அந்தப் புள்ளயப் பாக்கணும்.”

நான் என்சிக் ஹாஷிமைப் பார்த்தேன். அவர் கையுறைக் கையால் சுருளின் ஓரத்தைத் தடவினார். சில துளைகள் ஏற்கெனவே கிழிந்திருந்தன. பின் வரிசையை ஒருமுறை பார்த்தார். சுருளைத் திரும்பச் சுற்ற ஆரம்பித்தார்.

இரண்டாம் முறை யாரும் பேசவில்லை. தேள் பச்சைக்காரி வந்து சிரித்து முகத்தை மறைத்ததும் அந்த அம்மா கைகொட்டிச் சிரித்தார்.

“எந்தக் குருடி இதப் பொண்ணுன்னா? இது ஆம்பளப் புள்ளடி! மாரியாயி மவன் குப்பன்!”

அவர் பெயர் அஞ்சலை. அந்தக் காலத்தில் கொட்டகையில் பிள்ளை பார்த்தவர். அவர் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். மாரியாயிக்குப் பிறந்த பிள்ளைகள் எதுவும் நிற்கவில்லை. இவனும் போய்விடக்கூடாது என்று, பிறந்ததும் லயத்துக் கோடியில் குப்பைமேட்டில் கிடத்தினார்கள். வேண்டாத பிள்ளை என்று எமன் நினைத்துக்கொள்ளட்டும் என்பதற்காக. அங்கிருந்து வேறொருத்தி ஒரு முறம் தவிடு கொடுத்து வாங்கி, தாயிடமே வளர்க்கக் கொடுக்க வேண்டும். குப்பன் என்று பெயர் வைத்தார்கள். எமன் ஆண்பிள்ளையைத் தேடி வந்தால் அடையாளம் தெரியாமல் போகட்டும் என்று மூக்கு குத்திப் பாவாடை கட்டிவிட்டார்கள்.

பட்டணத்துக் கடைக்காரர் மகனான எனக்கு இப்படி ஒரு வழக்கம் இருப்பதே அன்றுதான் தெரியும். கூட்டத்தில் இருந்த பெரியவர்கள் “அட, ஆமால்ல” என்று தலையில் அடித்துக்கொண்டார்கள். எமனை ஏமாற்றக் கட்டிய பாவாடை அவர்களையும் ஏமாற்றியிருந்தது.

“மூக்கு குத்தும்போது நான்தான் புடிச்சுக்கிட்டேன்,” என்றார் அஞ்சலை. “சீழ் வச்சுருச்சு. வலப்பக்கம் குழியா வடு நின்னுச்சு. பாவிப்பய மாமன் தூக்கிட்டுப் போனவன்தான், எங்க இருக்கானோ, இருக்கானோ இல்லயோ.”

என்சிக் ஹாஷிம் என் நோட்டை வாங்கிப் பார்த்தார். ‘வலப்பக்கம்’ எழுதியிருக்கிறதா என்று பார்த்தார். பிறகு போய் ஜன்னல் கைலியை ஒவ்வொன்றாக இழுத்துவிட்டார்.

வெளிச்சத்தில் கடைசி வரிசையில் குப்புசாமி எழுந்து நின்றிருந்தார். ஒரு விரல் வலப்பக்க மூக்கின்மேல் இருந்தது. “அம்மை போட்ட வடுன்னு நெனச்சுக்கிட்டிருந்தேன்,” என்றார், யாரிடம் என்றில்லாமல்.

அஞ்சலை தடியை ஊன்றிக்கொண்டு அவரிடம் நடந்து போனார். அவர் தாடையைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தார். பிறகு முதுகில் ஓங்கி ஓர் அடி வைத்தார். “எருமமாடே! ஒன்னத் தவுடு குடுத்து வாங்குனவ நான்டா! இத்தன வருசமா எங்கடா போன?”

நான் அழுதேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், வகுப்பறையே அழுதது. என்சிக் ஹாஷிம் மட்டும் குனிந்து கிழிந்த துளைகளைப் பார்ப்பது மாதிரி பாவனை செய்துகொண்டிருந்தார்.

மறுநாள் காலை அவர் என்னை விடவில்லை. படம் புரளாமல் சரியான பக்கத்தில்தான் ஓடியதா என்று ஆட்களுக்குப் பின்னால் தெரியும் மரத்து வெட்டை வைத்துத் திரும்பவும் பார்த்தோம். வெட்டு இடமிருந்து வலமாகச் சரிந்திருந்தது. குழந்தையின் வளையம் வலப்பக்கமேதான். அதன் பிறகுதான் தட்டச்சு செய்ய அனுமதித்தார்.

விசாரணைக்கு அஞ்சலையை வாடகைக் காரில் அலோர் ஸ்டாருக்கு அழைத்து வந்தோம். அதிகாரி ஒரு மலாய்ப் பெண். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார். படத்தில் இருப்பது பாவாடை கட்டிய குழந்தை என்று எழுதியிருக்கிறதே, இதை நான் எப்படி ஏற்பது, அந்தக் குழந்தை ஆணா பெண்ணா, ஒரே வார்த்தையில் சொல்லச் சொல்லுங்கள் என்றார். என்சிக் ஹாஷிம் மொழிபெயர்த்தார்.

அஞ்சலை யோசிக்கவே இல்லை. “எமனுக்குப் பொண்ணு. ஒங்களுக்குப் பையன்.”

அதை மலாயில் சொல்லி முடிப்பதற்குள் என்சிக் ஹாஷிமுக்கே சிரிப்பு வந்துவிட்டது. அதிகாரியும் சிரித்தார். பிறகு எழுந்து வந்து, குப்புசாமியின் மூக்கைத் தானே குனிந்து பார்த்துவிட்டு, அஞ்சலையைச் சத்தியம் செய்யச் சொன்னார்.

அதற்குப் பிறகும் பல மாதங்கள் காத்திருக்க வேண்டியிருந்தது. அதற்குள் சுருளும் கோலாலம்பூர் போய், துளைகள் ஒட்டப்பட்டு, புதுப் பிரதியோடு திரும்பி வந்தது. ஒருநாள் காலையில் குப்புசாமி வந்து நின்றார். வெள்ளைச் சட்டை, புது வேட்டி. கதவுக்கு வெளியே நிற்கவில்லை, நேராக உள்ளே வந்தார். பையில் கையை விட்டார், ஆனால் எங்களிடம் எதையும் காட்டவில்லை.

“பாய், அந்தப் படத்தப் போடுங்க.”

புதுப் பிரதியைப் பெட்டியில் மாட்டி நேராக ஆயாக்கொட்டகைக்குச் சுற்றினேன். தூளிகள் ஆடின. மாரியாயி பிள்ளையை இடுக்கிக்கொண்டு நடந்து வரத் தொடங்கினாள். குப்புசாமி பையிலிருந்து நீல அட்டையை எடுத்து, அந்தச் சின்னத் திரைக்கு முன்னால் இரண்டு கையாலும் பிடித்தார்.

“அம்மா, பாரு,” என்றார்.

அவள் கிட்ட வந்துகொண்டிருந்தாள். அவருக்காக என்ன செய்யலாம் என்று எனக்குப் புரியவில்லை. “சிரிக்குற எடத்துல நிறுத்தட்டுங்களா?” என்று கேட்டேன். “இது புதுப் பிரதி. எவ்ளோ நேரம் வேணும்னாலும் நிக்கும்.”

“வேணாம் பாய்,” என்றார் அவர், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். “நிறுத்துனா போட்டோ ஆயிரும். நடக்கட்டும். எங்கம்மா என்னத் தூக்கிக்கிட்டு நடக்குறா.”